வழக்கில் பெயர் இல்லாத வீட்டுக்காரி

கல்முனைக்குடி
11.02.2024

அன்புள்ள நிஹ்லா மச்சிக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும்.

எழுதுவதற்கு முதலில் மன்னித்துக்கொள்ளுங்கள். வழக்கில் வென்றவருக்குத் தோற்ற வீட்டிலிருந்து கடிதம் போடலாமா என்று எனக்குத் தெரியாது. யாரிடமும் கேட்கவில்லை. கேட்டால் வேண்டாம் என்பார்கள். உங்கள் தொலைபேசி இலக்கம் என்னிடம் இருக்கிறது. மூன்று தடவை அழுத்தி, மணி அடிக்கும் முன்னர் வெட்டிவிட்டேன். நீங்கள் எடுத்திருந்தாலும் ஸலாத்துக்குப் பிறகு எனக்கு வாய் வந்திருக்காது.

நான் ஆகிலா. உங்கள் வாப்பாவின் தங்கை லைலாவின் மகள். நாம் ஒருமுறைதான் சந்தித்திருக்கிறோம். எனக்கு ஏழு வயது, உங்களுக்குப் பன்னிரண்டு இருக்கும். கிணற்றடியில் என்னை உட்காரவைத்துப் பேன் பார்த்தீர்கள். வலிக்கிறது என்று சொல்ல வெட்கப்பட்டு நான் பேசாமல் இருந்தேன்.

வியாழக்கிழமை காலையில் தீர்ப்பை நிறைவேற்ற நீதிமன்றத்தின் பிஸ்கால் உத்தியோகத்தர் வந்தார். தனஞ்சயன் என்று பெயர். கூட கிராம சேவகர், இரண்டு பொலிஸார், உங்கள் வழக்கை நடத்திய சட்டத்தரணியின் அலுவலக லிகிதர். லிகிதரின் கையில் கடதாசிப் பையில் ஒரு புதுப் பூட்டு இருந்தது. வாப்பா வீட்டில் இல்லை. சவளக்கடையில் நெல் வேளாமை வெட்டு; ஒரு கிழமையாக வயல் வாடிக் குடிசையில்தான் படுக்கை.

நான் கதிரை கொண்டுவந்து போட்டேன். அவர் உட்காரவில்லை. நின்றபடியே வாசித்தார். இந்தக் காணி காலமான காலிதீனுடையது, இப்போது அவர் மகள் நிஹ்லாவுடையது. மசூரும் மசூருக்குக் கீழே இருக்கிற எல்லோரும் வெளியேறி வீட்டை ஒப்படைக்க வேண்டும். அவர் வாசித்தபோது அது வேறு யாரோ ஒரு குடும்பத்தின் கதை போல இருந்தது. மசூர் என்பது என் வாப்பா என்பதை நான் எனக்கே ஒருமுறை சொல்லிக்கொள்ள வேண்டியிருந்தது.

அப்போது திரைச்சீலைக்குப் பின்னால் இருந்து உம்மாவின் குரல் வந்தது.

“அவர் இந்த வீட்டுக்காரர் இல்ல. இது என்ட வீடு. என்ட பேர் அந்தக் கடதாசியில இரிக்கா எண்டு பாருங்க.”

தனஞ்சயன் பார்த்தார். பக்கத்தைத் திருப்பினார். மறுபடி முதல் பக்கத்துக்கு வந்தார். “இல்லை அம்மா” என்றார்.

“அப்ப நான் ஏன் போகணும்?”

அதன் பிறகுதான் அவர் கதிரையில் உட்கார்ந்தார். உம்மாவின் பெயரைக் கேட்டு எழுதினார். கையெழுத்துக்கு முன்னால் வரச் சொன்னார். உம்மா முந்தானையை இழுத்துப் போட்டுக்கொண்டு வந்து, என் பேனையை வாங்கி, மெதுவாக எழுதினார். வழக்கில் பெயர் இல்லாத ஒருவர் இது தனக்குரியது, தோற்றவருக்குக் கீழே நான் இருக்கவில்லை என்று சொன்னால், நீதிமன்றம் விசாரிக்காமல் அவரை வெளியே போட முடியாதாம். அறிக்கை அனுப்புவதாகச் சொல்லிவிட்டுப் போனார்கள். பூட்டையும் கொண்டுபோனார்கள்.

நான் வாதாட எழுதவில்லை. எனக்கு ஒன்று மட்டும் விளங்கவில்லை. எங்கள் தெருவில் யாரைக் கேட்டாலும் இது லைலாவின் வீடு என்பார்கள். நீங்கள் ஏன் வாப்பாவை மட்டும் வழக்கில் போட்டீர்கள்?

இப்படிக்கு,
ஆகிலா


மாவனல்லை
27.02.2024

ஆகிலா,

வஅலைக்கும் ஸலாம். கடிதம் வந்து இரண்டு நாள் திறக்காமல் வைத்திருந்தேன்.

உன் கேள்விக்குப் பதில் சொல்கிறேன். சட்டத்தரணி என்னிடம், “அங்கே யார் இருக்கிறார்?” என்று கேட்டார். மசூர் மாமா என்றேன். ஏனென்றால் அவர்தான் அப்படிச் சொன்னார்.

இரண்டாயிரத்துப் பதினெட்டு, ஓகஸ்ட். வாப்பாவும் நானும் விடிய முன் பஸ் ஏறினோம். கண்டி, மஹியங்கனை, அம்பாறை. ஏழெட்டு மணித்தியாலம். வாப்பாவின் மடியில் ஒரு பை மங்குஸ்தான், தங்கைக்கு. வழியெல்லாம் அதை நசுங்காமல் பிடித்துக்கொண்டு வந்தார். உங்கள் வாசல் படலையடியில் மசூர் மாமா நின்றார். வாங்க என்று சொல்லவில்லை. “மச்சான், இது என்ட வீடு. ஒங்களுக்கு இஞ்ச என்ன இரிக்கி?” என்றார். தெருவில் ஆட்கள் நின்றார்கள். வாப்பா மங்குஸ்தான் பையை மற்றக் கைக்கு மாற்றினார். கதவுத் திரைச்சீலைக்குக் கீழே இரண்டு கால்கள் தெரிந்தன. மாமியின் கால்கள். அவை அசையவில்லை.

திரும்பிப் போய் பஸ் நிலையத்தில் உட்கார்ந்தோம். “தண்ணி குடிப்பமா மகள்?” என்று மட்டும் கேட்டார். பதினொரு மாதத்தில் மௌத்தானார். பிஸ்கட் டின்னில் காணி உறுதிப் பத்திரம் கிடந்தது. 1983-ல் எழுதியது. காலிதீன் என்ற ஒரே பெயர். வேறு ஒரு பெயரும் இல்லை.

ஒருவர் என்ட வீடு என்று தெருவில் நின்று சொன்னால் அது அவருடைய வீடு என்று நான் நம்பினேன். எங்கள் பக்கத்தில் அப்படித்தான். பிறகு நீதிமன்றத்திலும் அவர் அதையே சொன்னார். என் சட்டத்தரணி கேட்டார், “இது யாருடைய வீடு?” “என்ட வீடு, நான்தான் இரிக்கன்” என்றார். என் காதால் கேட்டேன். நாலு வருடம் அவரோடு வழக்காடி வென்றிருக்கிறேன். இப்போது அவர் வீட்டுக்காரரே இல்லை என்கிறாய்.

அப்படியென்றால் நான் வென்றது யாரை?

நிஹ்லா


கல்முனைக்குடி
10.03.2024

நிஹ்லா மச்சிக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். நாளைக்குத் தலைப்பிறை தெரியலாம் என்கிறார்கள். நோன்பு தொடங்க முன்னர் இதை எழுதி முடிக்க நினைத்தேன்.

படலையடியில் நடந்தது எனக்குத் தெரியாது. அந்த ஓகஸ்டில் நான் ஒலுவில் கம்பஸ் விடுதியில் இருந்தேன். வீட்டில் ஒருவரும் சொல்லவில்லை. உங்கள் கடிதத்தைப் படித்த பிறகு உம்மாவிடம் கேட்டேன். உம்மா அடுப்பைப் பார்த்தபடி, சோற்றுக்கு உலை வைத்தாயா என்று என்னைக் கேட்டார். உலை அவர் முன்னால் கொதித்துக்கொண்டிருந்தது.

எங்கள் ஊர் முறை உங்களுக்கு யாரும் சொல்லித்தரவில்லை போலும். இங்கே ஆண்களுக்கு வீடு இல்லை. பெண் பிள்ளை பிறந்தால் அவளுக்கு ஒரு வீடு. கல்யாணம் முடித்தால் மாப்பிள்ளை அங்கே வருவார். விட்டுப் போவதானால் உடுத்த உடுப்போடு போவார். என் வாப்பாவின் சாமான் எல்லாம் அலுமாரியில் ஒரு தட்டு. மூத்தவாப்பா, அதாவது உம்மாவுடைய வாப்பா, இந்த வளவுக் காணியை லைலாவுக்கு என்றுதான் வாங்கினாராம். அப்போது உம்மாவுக்குப் பத்து வயது. சின்னப் பிள்ளையின் பெயரில் எழுதினால் பிறகு கரைச்சல் என்று யாரோ சொல்ல, பதினெட்டு வயதாகியிருந்த காக்காவின், அதாவது உங்கள் வாப்பாவின், பெயரில் எழுதினார். கல்யாணத்தன்று தங்கைக்கு மாற்றிக் கொடுக்கலாம் என்ற எண்ணம். கல்யாணம் 94-ல். காலிதீன் மாமா மாவனல்லையில் வியாபாரத்தில் இருந்தார், யுத்தத்தால் பாதைகள் திறப்பதும் மூடுவதுமாக இருந்த காலம். மாற்றும் வேலை அடுத்த வரவுக்கு, அதற்கடுத்த வரவுக்கு என்று தள்ளிப்போய் நின்றுவிட்டது. மூத்தவாப்பாவும் போய்விட்டார்.

இது உங்கள் உறுதியைப் பொய்யாக்குமா என்று எனக்குத் தெரியாது. நான் படித்தது புவியியல். வளவை அளக்கச் சொன்னால் அளப்பேன். யாருடையது என்று கேட்டால் எந்தப் பாடத்திலும் அது வரவில்லை.

உம்மாவின் சட்டத்தரணி, உம்மாவின் பெயருள்ள கடதாசிகளை எடுத்து வரச் சொன்னார். ஒரு பகல் முழுவதும் தேடினேன். மின்சாரப் பட்டியல் வாப்பா பெயரில். தண்ணீர்ப் பட்டியலும் வாப்பா. வாக்காளர் இடாப்பில் தலைவர் வாப்பா. உம்மாவின் பெயர் இருந்தது அடையாள அட்டையிலும், நீரிழிவுக்கு, சீனி வருத்தத்துக்கு, மருந்தெடுக்கிற கிளினிக் கொப்பியிலும்தான். முப்பது வருடம் தன் வீடு என்று சொல்லி இருந்தவரின் பெயரை வீட்டுக்குள் கண்டுபிடிக்க முடியவில்லை.

வாப்பாவைப் பார்க்கச் சவளக்கடைக்குப் போனேன். நெல் மூட்டைக்கு மேல் உட்கார்ந்திருந்தார். நான் சுற்றிச் சுற்றிக் கதைத்து, கடைசியில், ஏன் கோட்டில், அந்த நீதிமன்றத்தில், உங்கட வீடு என்று சொன்னீர்கள் என்று கேட்டேன். கோபப்படுவார் என்று நினைத்தேன்.

“அவ்வளவு பேருக்கு முன்னால நிண்டு பொண்டாட்டிர வீட்டில இரிக்கன் எண்டு சொல்லவா புள்ள?” என்றார்.

அந்த மண்டபத்தில் இருந்த எங்கள் ஊர் ஆண்களில் பாதிப் பேர் அன்று காலையில் பொண்டாட்டி வீட்டிலிருந்துதான் புறப்பட்டு வந்திருப்பார்கள். பிறகு அவர் இன்னொன்றும் சொன்னார். உம்மாவின் வீடு என்று சொல்லியிருந்தால் உம்மாவுக்குக் கோட்டால் கடதாசி வந்திருக்கும், அவர் படியேறி நிற்க வேண்டி வந்திருக்கும், அதனால்தான் தன் தலையில் போட்டுக்கொண்டாராம். இரண்டில் எது உண்மை என்று எனக்குத் தெரியவில்லை. இரண்டும் உண்மையாக இருக்கலாம்.

படலையில் உங்கள் வாப்பாவிடம் அப்படிக் கதைத்ததற்கு என்ன சொல்கிறார் என்று நான் கேட்கவில்லை. மூட்டை தைக்கிற ஊசியைத் தேடுகிறேன் என்று எழுந்துபோய்விட்டார்.

ஆகிலா


மாவனல்லை
30.03.2024

ஆகிலா,

உனக்கு இனிமேல் எழுத வேண்டாம் என்று சட்டத்தரணி சொல்லிவிட்டார். என் கணவர் றிபாஸ் அதற்கு முன்னமே சொன்னார். இது நல்ல விளையாட்டு என்கிறார். முதலில் புருஷன் வந்து என் வீடு என்று சொல்லித் தோற்பார். பிறகு பொண்டாட்டி வந்து அவருடையது இல்லை, என்னுடையது என்பார். அவரும் தோற்றால் மகள் வருவாள். மகளுக்குப் பிள்ளை பிறந்தால் அது வரும். நாங்கள் கிழவர்களாகி ஒவ்வொரு தவணைக்கும் பஸ் ஏறிக்கொண்டிருப்போம். சட்டத்தரணியும் இதையேதான் சொல்கிறார், கொஞ்சம் மரியாதையாக. மாமி தன் சொந்தக் காலில் நிற்கிறாரா, புருஷனுக்குப் பதிலாக நிறுத்தப்பட்டிருக்கிறாரா என்றுதான் நீதிமன்றம் பார்க்குமாம்.

முறை என்று எழுதியிருக்கிறாய். மூத்தவாப்பாவின் எண்ணம் என்று எழுதியிருக்கிறாய். எங்கே எழுதியிருக்கிறது? உறுதியை நான் எத்தனையோ தடவை வாசித்தேன். தங்கை என்ற சொல்லே அதில் இல்லை. என் வாப்பா எங்களுக்கு ஒன்றைத்தான் சொல்லி வளர்த்தார்: “நமக்கும் ஒரு காணி இரிக்கி.” வாடகை வீடு மாறும் ஒவ்வொரு தடவையும் சொன்னார். நாங்கள் ஐந்து வீடு மாறினோம். அவர் பொய் சொல்லிக்கொண்டிருந்தார் என்கிறாயா?

அந்த ஓகஸ்டில் ஏன் வந்தோம் என்று நீ கேட்கவில்லை. எனக்கு ஒரு சம்பந்தம் வந்திருந்தது. இருபத்தாறு வயது. பெண்ணுக்கு வீடோ காணியோ இருக்கா என்று கேட்டார்கள். வாப்பா, இருக்கிறது, தங்கையோடு கதைத்துவிட்டு வருகிறேன் என்றார். நாங்கள் வந்தோம். திரும்பினோம். அந்தச் சம்பந்தம் நின்றது. இரண்டு வருடம் கழித்து றிபாஸ் கிடைத்தார், அல்ஹம்துலில்லாஹ். அவருடைய காக்காவின் வீட்டுப் பின்கட்டில் வாடகைக்கு இருக்கிறோம். மகள் அம்ஹாவுக்கு இரண்டு வயது. சத்தம் போட்டு அழுதால் காக்காவின் மனைவி கதவைச் சாத்துவார்.

நான் வீடு பிடுங்குகிறவள் இல்லை. என்னை நல்லவளாக்கவும் பார்க்காதே. உன் கடிதங்களைப் படித்தால் எனக்குக் கோபம் சரியாக வருவதில்லை. அதுதான் எனக்குப் பிடிக்கவில்லை.

மாமிக்கு எப்போதிருந்து சீனி வருத்தம்?

நிஹ்லா


கல்முனைக்குடி
21.04.2024

நிஹ்லா மச்சிக்கு,

பெருநாள் எப்படிப் போனது? அம்ஹாவுக்கு என்ன உடுப்பு எடுத்தீர்கள்? எழுத வேண்டாம் என்று சொன்னவர்கள் சரியாகத்தான் சொல்லியிருப்பார்கள். ஆனாலும் எழுதுகிறேன். நீங்கள் படிக்காமல் கிழித்தாலும் எழுதிய பிறகு எனக்குக் கொஞ்சம் தூக்கம் வருகிறது.

உம்மாவுக்குச் சீனி வந்து ஐந்தரை வருடம். கணக்குப் பார்த்தேன். நீங்கள் வந்துபோன அடுத்த மாதம் கிளினிக் கொப்பி தொடங்குகிறது. அதற்கும் இதற்கும் சம்பந்தம் இருக்க வேண்டும் என்றில்லை.

நீதிமன்றத்துக்குக் கொடுக்கிற சத்தியக் கடதாசி எழுதப் போனோம். உம்மாவின் சட்டத்தரணி ஒவ்வொன்றாகக் கேட்டார், உம்மா சொன்னார், நான் தமிழில் எழுதினேன். படித்த பிள்ளை, நீங்களே எழுதுங்கள் என்று பேனையை என்னிடம் தந்துவிட்டார்கள். வளவு எப்போது வாங்கியது, வீடு எப்போது கட்டியது, சுவரை யார் காசில் எழுப்பியது. உம்மாவின் காப்பை விற்றுத்தான் சுவர் எழும்பியது. அது உண்மை, அயல் வீட்டு ஹாஜறா மாமிக்கும் தெரியும். ஒன்பது பந்தி வந்தது. உம்மா கையெழுத்து வைத்தார். வெளியே வந்ததும் என் கை விறைத்திருந்தது. மூன்று பக்கம்தான் எழுதினேன், அதற்கு அப்படி விறைக்காது.

உங்கள் சம்பந்தத்தைப் பற்றி எழுதியதைப் படித்தேன். எனக்கும் ஒன்று வந்திருக்கிறது. சொல்லலாமோ தெரியாது. பாலமுனையில் முர்ஷித் என்று ஓர் ஆசிரியர். பெருநாள் கழித்து அவருடைய அக்கா, சுஹறா ராத்தா, வந்தார். தேநீர் குடித்தார். என்னைப் பார்த்ததைவிடச் சுவரைத்தான் கூடுதலாகப் பார்த்தார். போகும்போது, “வழக்கு முடிஞ்சிட்டா?” என்று மட்டும் கேட்டார். ஹஜ்ஜுக்குப் பிறகு கதைப்போம் என்று போய்விட்டார்கள். மழை வரும்போல இருந்துவிட்டு வராமல் போனால் எப்படி இருக்கும், அப்படி இருந்தது. நனையாததற்குச் சந்தோசப்படுவதா என்று தெரியவில்லை. ஒரே வீடு, உங்கள் கல்யாணத்தையும் நிறுத்தியது, என்னுடையதையும் நிறுத்தி வைத்திருக்கிறது.

இப்போது வாப்பாவைப் பற்றி. மே மாதம் 30-ந் திகதி விசாரணை. உங்கள் பக்கம் அவரைச் சாட்சிக்கு அழைக்கும் என்று எங்கள் சட்டத்தரணி சொன்னார். முன்பு சொன்னதைத் திருப்பி வாசித்துக் காட்டி, அன்று சொன்னது பொய்யா, இன்று சொல்வது பொய்யா என்று கேட்பார்களாம். என்ட வீடு என்று அவர் சொன்னது உண்மையானால் உம்மா அவருக்குக் கீழே இருந்தவர். பொய்யானால் வாப்பா நீதிமன்றத்தில் பொய் சொன்னவர்.

வாப்பா, அதற்கென்ன, பொய் சொன்னேன் என்று சொல்கிறேன் என்றார். ஐந்து நேரமும் தொழுகிறவர் அதைச் சோறு கேட்கிற குரலில் சொன்னார். நேற்று மாலை கிணற்றுக்கு அந்தப் பக்கம் மண்வெட்டி தீட்டிக்கொண்டிருந்தார். நான் உடுப்பு எடுக்கப் போனேன். தனக்குள் பேசிக்கொண்டிருந்தது கேட்டது.

“அண்டு சொன்னதுதான் பொய் ஐயா. இண்டு பொய் இல்ல ஐயா.”

நிறுத்தினார். கொஞ்சம் தீட்டினார். மறுபடி அதையே முதலில் இருந்து சொன்னார். நான் உடுப்பை எடுக்காமல் திரும்பி வந்துவிட்டேன்.

ஆகிலா


மாவனல்லை
06.05.2024

ஆகிலா,

சத்தியக் கடதாசியின் பிரதி எனக்கு வந்தது.

ஏழாம் பந்தி. “எனது திருமணத்தன்று எனது சகோதரர் காலிதீன் இக்காணியில் தனக்கிருந்த உரிமை முழுவதையும் எனக்கு வாய்மொழியாகத் தந்துவிட்டார்.”

என் வாப்பா இதைச் சொன்னாரா? யார் கேட்டது? நீ பிறக்கவே இல்லை. இதை எழுதிய கை உன்னுடையது. எனக்கு இத்தனை கடிதம் எழுதினாய். இந்த ஒரு வரியைப் பற்றி ஒரு சொல் எழுதவில்லை. கை விறைத்தது என்று எழுதினாய்.

அவர் முழுவதையும் தந்திருந்தால் ஐந்து வாடகை வீட்டிலும் எங்களிடம் ஏன் அப்படிச் சொன்னார்? தந்துவிட்ட வீட்டுப் படலையில் போய் ஏன் நின்றார்? எனக்கு ஒன்றும் விளங்கவில்லை ஆகிலா. உயிரோடு இருந்தால் அவரிடம் கேட்பேன்.

மசூர் மாமாவைக் கூண்டில் ஏற்றி அரைமணித்தியாலம் கேட்டால் போதும், எல்லாம் முடியும் என்று சட்டத்தரணி சந்தோசமாக இருக்கிறார். முன்வரிசையில் வந்து இருக்கச் சொன்னார். நாலு வருடமாக நான் அதைத்தான் பார்க்க விரும்பினேன், அவர் தலைகுனிந்து நிற்பதை. இப்போது நீ மண்வெட்டி தீட்டுகிற கதையை எழுதி வைத்திருக்கிறாய்.

29-ந் திகதி இரவு பஸ்ஸில் வருவேன். உங்கள் வீட்டுப் பக்கம் வரமாட்டேன்.

நிஹ்லா


கல்முனைக்குடி
19.05.2024

அன்புள்ள நிஹ்லா மச்சிக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும்.

உங்கள் கடிதம் கிடைத்துப் பத்து நாளாகிறது. ஏழாம் பந்தியைப் பற்றி நீங்கள் கேட்டது சரி. நான் அதை எழுதாமல் விட்டது மறதியால் இல்லை.

சட்டத்தரணியின் அறையில், “உங்கள் காக்கா வீட்டைத் தந்தாரா?” என்று அவர் கேட்டபோது உம்மா மேசையைப் பார்த்தார். ஓம் என்று தலையை ஆட்டினார். முழுவதுமாகவா என்று கேட்டார். அதற்கும் ஆட்டினார். நான் அதை வாக்கியமாக்கினேன். நல்ல வாக்கியமாக வந்தது. எழுதும்போதே அது உம்மா பேசுகிற பேச்சு இல்லை என்று எனக்குத் தெரிந்தது.

உங்கள் கடிதத்தை உம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். இத்தனை நாளும் நான் உங்களுக்கு எழுதுவது உம்மாவுக்குத் தெரியாது. உம்மா சூரை மீன் வெட்டிக்கொண்டிருந்தார். யார் கேட்டது என்று நீங்கள் எழுதியிருந்த இடத்தில் கத்தி நின்றது. நான் எழுந்து போகவில்லை. வழக்கமாகப் போய்விடுவேன். அன்று அப்படியே குந்திக்கொண்டிருந்தேன்.

கல்யாணத்தன்று பின்னேரம், மாமா ஊருக்குத் திரும்பிப் போகும் முன்னர், உங்களைத் தோளில் வைத்துக்கொண்டு சமையலறைப் பக்கம் வந்தாராம். உங்களுக்கு இரண்டு வயது. அங்கே வேறு யாரும் இல்லை. உம்மா உறுதி மாற்றுவதைப் பற்றிக் கேட்டாராம். மாமா சொன்னது இதுதான், உம்மாவின் வாயால் எப்படி வந்ததோ அப்படியே எழுதுகிறேன்:

“நீ இரு தங்கச்சி. ஒன்ன ஆரும் எழுப்ப மாட்டாங்க. என்ட புள்ளைக்கு ஒரு தேவை வந்தா, அப்ப கதைப்பம்.”

அவ்வளவுதான். முழுவதும் என்றும் சொல்லவில்லை, தந்தேன் என்றும் சொல்லவில்லை. தரவில்லை என்றும் சொல்லவில்லை.

பிறகு உம்மா தானாகவே சொன்னார். “அண்டைக்கி அவர் கதைக்கத்தான் வந்தார். எனக்குத் தெரியும். நான் வெளிய வரல்ல.” தேவை வந்துவிட்டது, மாமா சொன்னபடி வந்து நிற்கிறார் என்று உம்மாவுக்குத் திரைச்சீலைக்குப் பின்னாலேயே விளங்கியிருக்கிறது. வாப்பாவுக்கு அந்தப் பேச்சே தெரியாது. தங்களை எழுப்ப வந்திருக்கிறார்கள் என்று நினைத்துக் கத்தியிருக்கிறார். உம்மா ஓரடி வெளியே வந்திருந்தால் வழக்கும் இல்லை, தீர்ப்பும் இல்லை. அதை நான் சொல்லவில்லை. உம்மாவின் முகத்தில் அது ஏற்கனவே இருந்தது.

அப்படியென்றால் ஏழாம் பந்தியை ஏன் அப்படி எழுதச் சொன்னீர்கள் என்று கேட்டேன்.

“கோட்டில, கதைப்பம் எண்டு எழுதேலுமா புள்ள?” என்றார்.

மச்சி, நான் இந்த வார்த்தைகளைப் பல நாளாகத் திருப்பித் திருப்பிப் பார்க்கிறேன். நீ இரு என்று மாமா சொன்னது உம்மாவிடம். வாப்பாவிடம் இல்லை. அப்படியானால் உம்மா வாப்பாவுக்குக் கீழே இங்கே இருக்கவில்லை, தன் காக்காவின் சொல்லில் இருந்தவர். அது உம்மாவுக்கு உதவும். ஆனால் உங்களுக்கு ஒரு தேவை வந்தால் கதைப்போம் என்றும் அதே வாயால் சொல்லியிருக்கிறார். அப்படியானால் நமக்கும் ஒரு காணி இருக்கிறது என்று உங்களிடம் சொன்னதும் பொய் இல்லை. அது உங்களுக்கு உதவும். ஒரே பேச்சு இரண்டு பக்கமும் நிற்கிறது. நீதிபதி அதை எந்தப் பக்கத்தில் வைப்பார் என்று எனக்குத் தெரியாது. வீடு யாருக்குப் போக வேண்டும் என்றும் எனக்குத் தெரியாது. எனக்கு விருப்பம் இருக்கிறது, அது வேறு. விருப்பத்தை நான் நியாயம் என்று எழுதக் கூடாது. ஒரு தடவை எழுதிவிட்டேன்.

எங்கள் சாட்சிப் பட்டியலில் என் பெயர் இரண்டாவதாக இருக்கிறது. பிஸ்கால் வந்த அன்று நடந்ததைச் சொல்ல என்னைப் போட்டிருக்கிறார்கள். கம்பஸில் கடைசி வருடம் ஆய்வைப் படித்துக் காட்ட எழுந்து நின்று, மூன்று வரியில் குரல் போய் உட்கார்ந்தவள் நான். எங்கள் சட்டத்தரணி ஐந்து கேள்விதான் கேட்பார். அதில் மாமாவைப் பற்றி ஒன்றும் இல்லை.

யாராவது கேட்டால் நான் உள்ளதைத்தான் சொல்வேன் என்று உம்மாவிடம் சொன்னேன். வேண்டாம் என்று சொல்வார் என்று காத்திருந்தேன். சரி என்றும் சொல்லவில்லை. “கேட்டாத்தானே புள்ள” என்றார். மீனை எடுத்துக்கொண்டு கிணற்றடிக்குப் போய்விட்டார்.

வாப்பா இன்னும் சொல்லிப் பார்த்துக்கொண்டிருக்கிறார். இப்போது வயலிலும் சொல்கிறாராம். சிறுபோகத்துக்கு வரம்பு கட்டுகிற ஆட்கள் கேட்டுவிட்டுச் சிரித்ததாக ஹாஜறா மாமியின் மருமகன் சொன்னார். உங்கள் வாப்பாவை அந்தப் படலையில் அவர் நிறுத்தியதற்கு இது சரியான கூலி என்று நீங்கள் நினைக்கலாம். இல்லை என்று சொல்ல எனக்கு உரிமை இல்லை.

இதை முதல் கடிதத்திலேயே கேட்க நினைத்தேன். அன்று என்ன கேட்பது என்றே எனக்குத் தெரிந்திருக்கவில்லை. வழக்கை விடச் சொல்லவில்லை. வீட்டைக் கேட்கவில்லை. 30-ந் திகதி வாப்பாவைக் கூண்டில் ஏற்ற வேண்டாம் என்று உங்கள் சட்டத்தரணியிடம் சொல்லுங்கள். நான் ஏறும்போது எழுந்து, லைலாவிடம் அவருடைய காக்கா என்ன சொன்னார் என்று என்னைக் கேட்கச் சொல்லுங்கள். நான் மெதுவாகத்தான் சொல்வேன். கேட்கவில்லை என்றால் விட்டுவிடாமல் இன்னொரு தடவை கேட்கச் சொல்லுங்கள்.

ஆகிலா